அம்சவேணி சாகாத படம்

நாற்பது தடவை செத்துப் பிழைத்த அம்சவேணி நாற்பத்தோராவது தடவை செத்தபோது அவளைச் சிரிக்கச் சொல்ல மறந்துவிட்டார்கள், அதனால் மறுநாள் காலை சாலிகிராமத்து வீட்டில் அவள் கண் விழித்தபோது கழுத்தில் ஒரு சாவு மாலை கிடந்தது. சம்பங்கியும் ரோஜாவும் கலந்து, இடையிடையே மரிக்கொழுந்து வைத்து, தொப்புள் வரை தொங்கும்படி கட்டிய புது மாலை. பூவில் ஈரம்கூடக் காயவில்லை. அவள் அதைக் கழற்றிக் கட்டில் கம்பியில் மாட்டிவிட்டுப் பல் துலக்கப் போனாள், ஏனென்றால் ஆறு மணிக்குத் தண்ணீர் லாரி வந்துவிடும், லாரியை விட்டால் அன்றைக்குக் குளியல் கிடையாது. குடத்தோடு படியிறங்கி வரிசையில் நின்றபோது கழுத்தில் இன்னொரு மாலை இருந்தது.

சிரிப்பு என்ன, மாலை என்ன என்று கேட்பவர்கள் சினிமாவுக்கு வெளியே இருப்பவர்கள். உள்ளே இருப்பவர்களுக்கு ஆயிரம் சாஸ்திரம் உண்டு. அதில் தலையாய சாஸ்திரம், சாவு சீன் எடுத்து முடித்ததும் செத்தவரை உடனே எழுப்பி உட்காரவைத்து, கேமராவை மறுபடி ஓடவிட்டு, "சிரிங்க" என்று சொல்வது. மூக்கில் பஞ்சும் நெற்றியில் ஒற்றை ரூபாயும் வைத்திருப்பவர் அப்படியே கேமராவைப் பார்த்து ஒரு சிரிப்புச் சிரிக்க வேண்டும், சிரித்தால்தான் அந்தச் சாவு வேஷத்தோடு போகும், மனுஷனோடு வீட்டுக்கு வராது. பூசணிக்காயும் கற்பூரமும் அதற்கு அப்புறம்தான். இந்தச் சிரிப்பு எந்தப் படத்திலும் வராது, எந்தத் தொடரிலும் வராது, எடிட்டர் மேஜைக்குப் போனதும் முதலில் வெட்டி எறிவது அதைத்தான். அம்சவேணி நாற்பது தடவை சிரித்ததை யூனிட்டைத் தவிர ஒரு ஜீவன் பார்த்ததில்லை.

அவள் சாவதற்காக மெட்ராஸுக்கு வந்தவள் இல்லை. திருத்துறைப்பூண்டியிலிருந்து பத்தொன்பது வயதில், ஒரு டிரங்குப் பெட்டியும் இரண்டு பவுன் சங்கிலியுமாக, கதாநாயகியாகத்தான் வந்து இறங்கினாள். அந்தப் படம் எடுத்து முடித்து வெளியே வராமலே போயிற்று. இரண்டாவது படத்தில் கதாநாயகனின் அக்காவாக வந்து இடைவேளைக்கு முன்னால் ஆற்றோடு போனாள், படம் நூறு நாள் ஓடியது. மூன்றாவது படத்தில் அண்ணியாக வந்து காய்ச்சலில் போனாள், அதுவும் ஓடியது. நான்காவதில் அவளை உயிரோடு விட்டுவைத்தார்கள், வெள்ளிக்கிழமை வந்த படம் அடுத்த வெள்ளிக்கிழமை தியேட்டரில் இல்லை. போதாதா சினிமாக்காரர்களுக்கு? அம்சவேணி செத்தால் படம் ஓடும் என்று ராசி பேசிவிட்டார்கள், அதற்கப்புறம் முப்பத்தைந்து வருஷம் அவளை யாரும் உயிரோடு விடவில்லை.

ரயிலில் செத்தாள், மாடிப்படியில் உருண்டு செத்தாள், பாம்பு கடித்துச் செத்தாள், மகனின் வேலைக் கடிதம் வந்த அன்றைக்கு அதைப் படித்துக் காட்டச் சொல்லிக் கேட்டுக்கொண்டே செத்தாள். அக்காவாகச் செத்தாள், அண்ணியாகச் செத்தாள், முடி நரைத்ததும் அம்மாவாகச் செத்தாள், எந்த வேஷத்துக்கும் தனியாக ஒரு பெயர் வைக்க எவருக்கும் தோன்றவில்லை. டி.வி. வந்த பிறகு சாவு நீளமாயிற்று. சினிமாவில் நாலு நிமிஷத்தில் முடிகிற காரியத்துக்குத் தொடரில் மூன்று வாரம் கட்டிலில் படுக்க வேண்டியிருந்தது. நடுவில் கல்யாணம் ஒன்று நடந்தது, நாலு வருஷத்தில் முடிந்தது, அவர் கோயம்புத்தூரில் இருக்கிறார், நன்றாக இருக்கட்டும். கடைத்தெருவில் பெண்கள் அவளை நிறுத்தி, நெற்றியைச் சுருக்கி யோசித்து, "உங்கள எங்கயோ பாத்திருக்கேனே... நீங்க செத்துப்போவீங்கல்ல?" என்பார்கள். "ஆமாம்மா" என்று சொல்லிவிட்டு அவள் கத்திரிக்காய் பொறுக்குவாள்.

நாற்பத்தோராவது சாவு, இரவு எட்டரை மணித் தொடரில், ஐப்பசி மாதம் ஒரு சாயங்காலம் நடந்தது. இருட்டுவதற்குள் கதாநாயகி சேலத்தில் ஒரு நகைக்கடை திறப்புக்குக் கிளம்பியாக வேண்டும் என்று எல்லாரும் காலில் வெந்நீர் ஊற்றிக்கொண்டு நின்றார்கள். சிரிப்பை எந்தச் சீன் பேப்பரிலும் எழுதுவதில்லை, அது வாய்வழியாக வருகிற விஷயம். அதை ஞாபகம் வைத்திருந்த பழைய இணை இயக்குநர் முதுகு வலி என்று போன மாதம்தான் வேலையை விட்டுப் போயிருந்தார். பூசணிக்காயை உடைத்தார்கள், கற்பூரம் காட்டினார்கள், விளக்கை அணைத்தார்கள். அம்சவேணி கட்டிலில் எழுந்து உட்கார்ந்து, "சிரிப்பு எடுக்கலையேப்பா" என்றாள். புது இணை இயக்குநர் கையில் நாலு போனை வைத்துக்கொண்டு, "நாளைக்கு எடுத்துக்கலாம்மா" என்று சொல்லிவிட்டு ஓடினார். செத்துப்போன அம்மாவுக்கு மறுநாள் ஷூட்டிங் ஏது?

தண்ணீர் வரிசையில் முதலில் பேசியவர் பெஞ்சமின். கீழ் வீட்டுக்காரர், பெரிய பெரிய கதாநாயகர்களிடம் எல்லாம் அடி வாங்கி ரிட்டையரான சண்டைக்காரர், மாடியிலிருந்து விழுந்து விழுந்தே முழங்கால் போனவர். மாலையை ஒரு பார்வை பார்த்து, "சிரிப்பு எடுக்கலையா?" என்றார்.

"எடுக்கல."

"அதான்" என்று சொல்லிவிட்டுத் தன் குடத்தை நகர்த்தி அவளுக்கு முன்னால் இடம் விட்டார், அவருக்கு முன்னால் இருந்தவளும் நகர்ந்தாள், அவளுக்கு முன்னால் இருந்தவளும் நகர்ந்தாள், பிணத்தைக் காக்கவைக்கக் கூடாது என்ற மரியாதையில் அன்றிலிருந்து பத்து வீட்டுக் காம்பவுண்டிலும் முதல் குடம் அம்சவேணியுடையதாயிற்று. அவள் வேண்டாம் என்று சொல்லிப் பார்த்தாள், யாரும் கேட்கவில்லை.

தெருமுனைப் பூக்காரி தெய்வானைக்குத்தான் கோபம். அவள் வந்து மாலையைப் புரட்டி, நாரை இழுத்து, முடிச்சை நகத்தால் நெருடிப் பார்த்தாள். "இது கோயம்பேட்டுக் கட்டு இல்லக்கா. வாழநாரு. பின்னாடி முடிச்சு வெளிய தெரியல பாரு. எவ கட்டுனான்னு தெரியல, ஆனா கை சுத்தம்" என்றாள். தொழில் தெரிந்தவளின் பொறாமை அதில் இருந்தது. கழற்றினால் கால் மணியில் அடுத்த மாலை வந்துவிடும் என்பதும், கழற்றாமல் இருந்தால் ஒரு நாளைக்கு ஒன்றோடு நிற்கும் என்பதும் மூன்றாம் நாள் தெரிந்துபோயிற்று, அதனால் அம்சவேணி மாலையோடு சமைத்தாள், மாலையோடு துணி துவைத்தாள், மாலையோடு படுத்தாள். வாடிய மாலையை என்ன செய்வது என்று காம்பவுண்டில் ஒரு வாரம் சண்டை நடந்தது. சாமிக்குப் போட முடியாது, தலையில் வைக்க முடியாது, குப்பைக்காரர் தொடமாட்டேன் என்று சொல்லிவிட்டார். கடைசியில் தசரதபுரத்துப் பால்காரரின் மாடு தினமும் நாலு மணிக்குத் தானே வந்து தின்றுவிட்டுப் போனது. மாட்டுக்கு எந்தச் சாஸ்திரமும் கிடையாது.

கோயிலுக்குப் போனால் குருக்கள் வாசலிலேயே மறித்து, தீட்டு கழியட்டும் என்றார். "யாருக்குத் தீட்டு? செத்ததா சொல்றது என்னை. நான்தானே நிக்கறேன்?" என்று அவள் கேட்டதற்கு, "உங்களுக்கு நீங்களேதாம்மா தீட்டு, பங்காளி வேற யாரும் இல்லையே" என்று அவர் நிஜமான வருத்தத்தோடு சொன்னார். அதனால் பதினாறாம் நாள் காம்பவுண்டே சேர்ந்து வடை பாயசத்தோடு காரியம் செய்தது, தன் காரியத்துக்குத் தானே வாழைக்காய் நறுக்கினாள் அம்சவேணி, பரிமாறியதும் அவள்தான். எல்லாரும் நன்றாகச் சாப்பிட்டார்கள். சாப்பிட்டு முடித்து, வழக்கப்படி சொல்லிக்கொள்ளாமல் எழுந்து போனார்கள்.

அதற்கப்புறம்தான் ஆட்கள் வர ஆரம்பித்தார்கள். முதலில் விருகம்பாக்கத்திலிருந்து ஒரு பெண், வாழைப்பழச் சீப்பும் ஊதுபத்தியுமாக வந்து தரையில் உட்கார்ந்தாள். "அங்க எங்க வீட்டுக்காரரப் பாத்தீங்கன்னா, பீரோ சாவிய எங்க வெச்சாருன்னு ஒரு வார்த்த கேட்டுச் சொல்லுங்கம்மா" என்றாள். அம்சவேணி, "நான் சாகலம்மா, சிரிப்பு எடுக்க மறந்துட்டாங்க, அவ்வளவுதான்" என்று விளக்கினாள். அந்தப் பெண் முழுக்கக் கேட்டுவிட்டு, "பரவால்ல, பாக்கறப்ப கேளுங்க" என்றாள். அடுத்து ஒருவர் அப்பாவிடம் மன்னிப்புச் சொல்லச் சொன்னார், ஒருத்தி மாமியாரிடம் மீன் குழம்புக்கு வெந்தயம் முன்னாலா பின்னாலா என்று கேட்கச் சொன்னாள், ஒரு கிழவர் எதுவுமே கேட்காமல் ஒரு மணி நேரம் அவள் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்துவிட்டுப் போனார். சாகிற அம்மாவின் வேலையே கேட்டுக்கொண்டு தலையை ஆட்டுவதுதான், அதை அவள் முப்பத்தைந்து வருஷம் செய்திருக்கிறாள். ஆனால் அப்போதெல்லாம் சாயங்காலம் பேக்கப் சொல்வார்கள், வேஷத்தைக் கலைத்துவிட்டு ஒரு காபி குடிக்கலாம். இப்போது பேக்கப் சொல்ல ஆள் இல்லை, அவளுக்கு எலும்பெல்லாம் அலுப்பாக இருந்தது.

மாலை வந்தால் வந்துவிட்டுப் போகட்டும் என்று அவள் இருந்திருப்பாள். அந்தப் பவுனு வேஷம் மட்டும் இல்லையென்றால்.

ஆடி மாதமே ஆக்னஸ் வந்து அந்த வேஷத்தைக் கொடுத்திருந்தாள். ஆக்னஸ் தூத்துக்குடிக்காரி, முப்பத்துநாலு வயது, முதல் படம் இயக்கப்போகிறவள், பேசும்போது பேனாவைத் திறந்து மூடிக்கொண்டே இருப்பாள். கதையை பைண்டு பண்ணிக் கொண்டுவந்து வைத்தாள். அம்சவேணி எப்போதும்போல் தான் எந்தப் பக்கத்தில் சாகிறோம் என்று பார்த்தாள், அது தெரிந்தால் மீதியைப் படிக்க வேண்டியதில்லை. புரட்டினாள், திருப்பிப் புரட்டினாள், கடைசிப் பக்கத்துக்குப் போனாள். அங்கே பவுனு என்ற பெண் ஒரு ஸ்கூட்டர்காரனோடு டோக்கன் விஷயமாகச் சண்டை போட்டுக்கொண்டிருந்தாள்.

"பக்கம் ஏதும் விட்டுப்போச்சாம்மா?"

"இல்லக்கா. முழுசும் இருக்கு."

"நான் எதுல சாகறேன்?"

"பவுனு சாகலக்கா" என்றாள் ஆக்னஸ். "ரயில்வே ஸ்டேஷன் பக்கத்துல சைக்கிள் ஸ்டாண்டு வெச்சிருக்கா. அவ கததான் படமே. அறுபத்துநாலு சீன்லயும் நீங்க இருக்கிய."

அம்சவேணி அந்தக் காகிதக் கட்டை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். அவளுக்கு அந்த வேஷம் வேண்டும். பசித்தவளுக்குச் சோறு வேண்டும் என்பதைப் போல, வேறு எந்த விளக்கமும் இல்லாமல் வேண்டும். ஒரு படத்தில் முதலிலிருந்து முடிவு வரை ஒரு பெயரோடு உயிரோடு இருந்துவிட்டால் போதும், அப்புறம் நிஜமாகவே போய்ச் சேர்ந்தாலும் பாதகமில்லை என்று நினைத்தாள்.

இப்போது கார்த்திகையில் ஆக்னஸ் வந்து மாலையைப் பார்த்துவிட்டுப் பேனாவை மூடினாள். "தை மூணாந்தேதி ஷூட்டிங்க்கா. அதுக்குள்ள மாலை இல்லாம வந்திருவியளா? பவுனு உயிரோட இருக்கவ. இத போட்டுக்கிட்டு எப்படி..." என்று இழுத்தாள். "வந்திடறேம்மா" என்றாள் அம்சவேணி.

மறுநாளே எட்டரை மணித் தொடரின் இயக்குநர் குருபரனைப் போய்ப் பார்த்தாள். குருபரன் நல்ல மனிதர். யாரையும் அம்மா என்றுதான் கூப்பிடுவார், யாரையும் திரும்பிக் கூப்பிடமாட்டார். அதே கட்டில், அதே புடவை, அதே கேமரா, ஒரே ஒரு சிரிப்பு, ரெண்டு நிமிஷம், இதுதான் அவள் கேட்டது. அவர் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்காரச் சொல்லி, டீ வரவழைத்து, முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"அம்மா, உங்க சாவு எங்கயோ தூக்கிட்டுப் போயிடுச்சு. சேனல்ல இன்னும் அதப் பத்திதான் பேச்சு. இப்ப சிரிப்பு எடுத்தா உங்களுக்கு உயிர் வந்துடும். உயிர் வந்துட்டா கதையில கொண்டுவராம இருக்க முடியாதும்மா, ஜனங்க கேப்பாங்க."

"அப்போ?"

"கொண்டுவந்துடலாம். சுடுகாட்டுல யாரோ பாத்துக் காப்பாத்தினாங்க, பழசெல்லாம் மறந்துபோச்சு. தை ஒண்ணுலேர்ந்து இருநூறு எபிசோடு. வேற எங்கயும் போகக்கூடாது."

"அதுக்கப்புறம்?"

"அப்புறம் மறுபடி செத்துடலாம்மா" என்றார் குருபரன், ஆறுதலாக. "இந்தத் தடவை நானே பக்கத்துல இருந்து சிரிப்பு எடுக்கறேன். மறக்கமாட்டேன்."

டீ ஆறி ஏடு படியும் வரை அவள் யோசித்தாள். சிரித்தால் மாலை போகும், பவுனும் போய்விடுவாள். சிரிக்காவிட்டால் மாலை நிற்கும், மாலை நின்றால் ஆக்னஸ் வேறு ஆளைத் தேடுவாள். எந்தப் பக்கம் திரும்பினாலும் யாரோ ஒருத்தர் அவளைப் படுக்கச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். "எனக்குச் சிரிப்பு வரலைங்க" என்று சொல்லிவிட்டு எழுந்து வந்தாள்.

நேராக ஆக்னஸ் வீட்டுக்குப் போனாள். முப்பத்தைந்து வருஷத்தில் எந்த இயக்குநரிடமும் எதையும் கேட்காதவள், செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசலில் நின்றபடியே கேட்டாள். "பவுனு மாலை போட்டிருந்தா என்னம்மா? ஏன் போட்டிருக்கான்னு நீ சொல்லாத. யாரும் கேக்கமாட்டாங்க. எங்க காம்பவுண்டுல யாரும் கேக்கல."

ஆக்னஸ் நம்பவில்லை. ஆனாலும் மறுநாள் காலை எட்டு மணிக்கு அவளைக் குரோம்பேட்டை ஸ்டேஷன் பக்கத்து சைக்கிள் ஸ்டாண்டுக்குக் கூட்டிப்போய், டோக்கன் கட்டைக் கையில் கொடுத்து நிறுத்திவிட்டு, எதிர் டீக்கடையில் கேமராவை மறைத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். வண்டிகள் வந்தன. ஆபீஸ் போகிறவர்கள் சாவியைத் திருகி, டோக்கன் வாங்கிப் பையில் போட்டுக்கொண்டு, ரயிலைப் பிடிக்க ஓடினார்கள். நூறு பேர் வந்திருப்பார்கள், மாலையைப் பார்த்து ஒருவரும் நிற்கவில்லை. ஒரே ஒரு பேங்க்காரர் மட்டும் தன் வண்டியை நிறுத்த முடியாதபடி குறுக்கே இன்னொன்று நிற்பதைப் பார்த்துக் கத்தினார். "மாலையும் கழுத்துமா நின்னுட்டிருந்தா வண்டிய யாரும்மா நகத்தறது?"

"கையில்லையா உங்களுக்கு? நீங்களே நகத்துங்க" என்றாள் அம்சவேணி. அந்தக் குரல் அவளுக்கே புதிதாக இருந்தது. அவர் முணுமுணுத்துக்கொண்டே நகர்த்தினார். டீக்கடையில் ஆக்னஸ் பேனாவைத் திறந்து, கதையின் முதல் பக்கத்தில் 'மாலையோடு' என்று ஒரு வார்த்தை சேர்த்தாள்.

இருபத்தெட்டு நாள் ஷூட்டிங் நடந்தது. அம்சவேணி வெயிலில் நின்றாள், வண்டி தள்ளினாள், சண்டை போட்டாள், ஸ்டாண்டுக்குப் பின்னால் உட்கார்ந்து தயிர் சாதம் சாப்பிட்டாள். எல்லாவற்றையும் பவுனாகச் செய்தாள். கணுக்கால் வீங்கியது, குரல் கட்டியது, வீட்டுக்கு வந்தால் குனிந்து விளக்கு ஏற்ற முடியவில்லை. ஆனால் அது வேலை செய்த அலுப்பு, படுத்துக் கிடந்த அலுப்பு இல்லை, இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் அவளுக்கு அறுபதை நெருங்கும்போதுதான் தெரிந்தது.

இருபத்தேழாம் நாள் தயாரிப்பாளர் வெயிலுமுத்து வந்தார். விருதுநகர் பக்கத்தில் எண்ணெய் மில் வைத்திருக்கிறவர், மகள் பெயரில் கம்பெனி ஆரம்பித்தவர், கெட்ட எண்ணம் என்று ஒன்று இல்லாதவர். அவரிடம் யாரோ ராசியைப் பற்றிச் சொல்லிவிட்டார்கள். அவர் ஆக்னஸை ஓரமாகக் கூப்பிட்டுப் பேசினார், முதலில் மெதுவாக, அப்புறம் கையைக் கூப்பி, அப்புறம் படத்தையே நிறுத்திவிடுவேன் என்று. "ஒரே ஒரு லாரி. கடைசி சீன்ல ரோட்ட கடக்கும்போது வந்து அடிச்சுட்டுப் போகட்டும். அந்தம்மா செத்தா படம் ஓடும்னு ஊரே சொல்லுது. மாலையும் ரெடியா கெடக்கு."

ஆக்னஸ் அம்சவேணியிடம் வந்து நின்றபோது நிமிர்ந்து பார்க்கவில்லை. "என்னால முடியலக்கா. எவ்வளவோ சொல்லிட்டேன். நாளைக்கு ஒரு நாள்தான் இங்க பெர்மிஷன்" என்றாள்.

"சரிம்மா" என்றாள் அம்சவேணி. எப்போதும் சொல்கிற அதே சரிதான். வீட்டுக்குப் போய் அன்றைக்கு அவள் சமைக்கவில்லை. பவுனை நினைத்து அழுகை வந்தது, தன் சாவு எதற்கும் அவள் அப்படி அழுததில்லை.

மறுநாள் பிற்பகல் மூன்று மணிக்கு ரோட்டின் இந்தப் பக்கம் அவளை நிறுத்தினார்கள். அந்தப் பக்கம் பஸ் ஸ்டாப். நிஜ லாரி, நிஜ டிரைவர். அவர் பத்தடி தள்ளி பிரேக் போட வேண்டும், அவள் அங்கேயே சரிந்து விழ வேண்டும், மீதியை எடிட்டிங்கில் பார்த்துக்கொள்வார்கள். சிவப்புச் சாயம் ஒரு டப்பாவில் தயாராக இருந்தது. இந்தத் தடவை எல்லாருக்கும் ஞாபகம் இருந்தது, "முடிஞ்சதும் சிரிப்பு எடுத்துடலாம்மா, மாலையும் போயிடும்" என்று வெயிலுமுத்துவே வந்து சொன்னார். ஆக்னஸ் ஆக்‌ஷன் சொன்னாள்.

அம்சவேணி நடந்தாள். லாரி வந்தது, ஹாரன் அடித்தது, பத்தடியில் கிறீச்சிட்டு நின்றது. அவள் நின்று லாரியைப் பார்த்தாள். டிரைவர் அவளையும் மாலையையும் பார்த்து நெற்றியைத் தொட்டுக் கும்பிட்டார். விழ வேண்டிய இடம் காலடியிலேயே இருந்தது, சாக்பீஸால் குறி போட்டிருந்தார்கள், எப்படி மடங்கினால் அடிபடாது என்று அவள் முழங்காலுக்கு நன்றாகத் தெரியும். அந்தக் குறியைத் தாண்டி அவள் நடந்தாள். ரோட்டைக் கடந்து முடித்தாள். பஸ் ஸ்டாப்பில் போய் நின்றாள். கட் சொல்ல ஆக்னஸ் வாயைத் திறந்தாள், சொல்லவில்லை. ஆக்னஸ் சொல்லாததால் கேமராக்காரர் நிறுத்தவில்லை. வெயிலுமுத்து கையை ஆட்டிக் கூப்பிட்டார், அவள் திரும்பவில்லை. வடபழனி போர்டு போட்ட பஸ் ஒன்று வந்தது. புடவையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, மாலை வாசல் கம்பியில் மாட்டாமல் ஒரு கையால் ஒதுக்கிக்கொண்டு, அவள் அதில் ஏறினாள். பஸ் போயிற்று.

நாலு நாள் அவள் போனை எடுக்கவில்லை. லாரி போய்விட்டது, பெர்மிஷன் முடிந்துவிட்டது, வேறு முடிவு எடுக்க வழியில்லை. வெயிலுமுத்து திட்டினார், அழுதார், கடைசியில் எடுத்தவரைக்கும் இருப்பதைப் போட்டுக்காட்டச் சொல்லிப் பார்த்துவிட்டு, ஊருக்கு ரயில் ஏறினார்.

படம் வைகாசியில் வந்தது, மூன்று நாள் ஓடியது, ராசிக்காரர்கள் சொன்னது சரிதான் என்று ஆயிற்று. முதல் நாள் காலைக் காட்சிக்குக் காம்பவுண்டே போனது. பெஞ்சமின் முழங்காலை நீட்ட வசதியாக ஓர சீட்டில் உட்கார்ந்தார், தெய்வானை கடையை அடைத்துவிட்டு வந்தாள், விருகம்பாக்கத்துப் பெண்ணும் கையைப் பிடித்துக்கொண்டிருந்த கிழவரும் எப்படியோ கேள்விப்பட்டு வந்திருந்தார்கள். எல்லாரும் கர்ச்சீப் கொண்டுவந்திருந்தார்கள். அம்சவேணி மாலையும் கழுத்துமாக நடுவில் உட்கார்ந்து, திரையில் தன் பெயர் தனியாக ஒரு தடவை வருவதைப் பார்த்தாள்.

இடைவேளை வந்தது, அவள் சாகவில்லை. "இனிமேதான்" என்று தெய்வானை பக்கத்து சீட்டுக்குச் சொன்னாள். லாரி வந்தபோது தியேட்டர் முழுக்க மூச்சை இழுத்துப் பிடித்தது, நாலைந்து பேர் முன்கூட்டியே விசும்பினார்கள். லாரி நின்றது. பவுனு ரோட்டைக் கடந்தாள், பஸ் ஏறினாள், பஸ் சின்னதாகி வளைவில் திரும்பியது, திரை இருண்டது, பெயர்கள் ஓடின, விளக்கு எரிந்தது.

ஒருவரும் எழுந்திருக்கவில்லை. துடைப்பத்தோடு வந்த அம்மாள் வாசலில் காத்திருந்தாள். தியேட்டர்க்காரர் வந்து, "படம் முடிஞ்சிடுச்சுங்க, அடுத்த ஷோவுக்கு ஆள் நிக்குது" என்றார். யாரும் அசையவில்லை. "அந்தம்மா இன்னும் சாகலையே" என்று பின்வரிசையில் ஒரு குரல் நியாயமாகக் கேட்டது. தியேட்டர்க்காரரும் திரும்பி வெறும் திரையைப் பார்த்தார்.

தெய்வானைதான் பொறுக்கமாட்டாமல் அம்சவேணியின் பக்கம் திரும்பினாள்.

"ஏக்கா, அந்த பஸ்ல ஏறுனியே, அப்பறம் இன்னா ஆச்சு உனக்கு?"

நாற்பத்தோரு தடவையில் ஒரு தடவைகூட யாரும் அவளிடம் கேட்க நேராத கேள்வி அது. எல்லாத் தலைகளும் அவள் பக்கம் திரும்பியிருந்தன.

"ஒண்ணும் ஆகல. வடபழனியில எறங்கினேன். பால் வாங்கிக்கிட்டு வீட்டுக்குப் போனேன்."

"அவ்ளோ தூரமும் நின்னுக்கினேவா போன?"

"இல்லடி" என்றாள் அம்சவேணி. "ஜன்னலோரமா சீட்டு கிடைச்சுது."

அதைக் கேட்ட பிறகுதான் ஜனங்கள் ஒவ்வொருவராக எழுந்து, காலால் துழாவிச் செருப்பைத் தேடினார்கள்.